வங்கத்தில் விளையாடிய தென்னாட்டுப் பாண்டவர்

பிறந்த ஊரை விட்டுப் பிறிதோர் ஊரில் குடியேறி, அங்கேயே தொழில் செய்து, மணவினைகள் நடத்தி, மக்களைப் படிக்கவைத்து வாழும் குடும்பங்கள் எக்காலத்தும் இரண்டு வினாக்களுக்கு விடை கூறவேண்டியவையாக இருக்கின்றன. "உங்களுக்குச் சொந்த ஊர் எது?" என்பது முதல் வினா. "நீங்கள் எங்களைச் சேர்ந்தவர்கள்தாமா?" என்பது இரண்டாம் வினா. வலியசாலையிலும் சாலைக் கடைவீதியிலும் கரமனையிலும் வாழும் தமிழ்க் குடும்பங்கள் முதல் வினாவிற்குத் தடையின்றி விடை சொல்லிவிடும். திருநெல்வேலி என்றோ, தென்காசி என்றோ, நாகர்கோவில் என்றோ கூறினால் போதும். இரண்டாம் வினாவிற்கோ வாயினால் விடை கூற இயலாது, வாழ்ந்துதான் காட்டவேண்டும்.

இந்த இரண்டாம் வினாவிற்கு ஐந்து தென்னாட்டு இளைஞர்கள் தம் கால்களினால் விடை கூறிய வரலாறு ஒன்று உண்டு. அது 1949ஆம் ஆண்டில், இன்று கொல்கத்தா எனப்படும் கல்கத்தா மாநகரில் நிகழ்ந்தது. ஈஸ்ட் பெங்கால் என்னும் கால்பந்துக் கழகம் அவ்வாண்டின் ஒரே பருவத்தில் மூன்று பெரும் பரிசுகளை வென்றது. அதற்குக் காரணமாயிருந்த முன்வரிசை ஐவருள் ஒருவர் நம் கேரள மாநிலத்துக் கோட்டயத்தைச் சேர்ந்தவர். சங்கத்தின் ஆண்டு மலரில் புலவர் பெருமையும் கோயில் வரலாறும் இடம்பெறுவது முறையே ஆகும். அவற்றின் நடுவே விளையாட்டு வரலாறு ஒன்றும் அமைந்தால், நம் வீட்டுப் பிள்ளைகளும் மலரைப் புரட்டிப் பார்ப்பார்கள் அன்றோ? அவ்வாசையினாலேயே இக்கட்டுரை எழுதப்படுகின்றது.

கழகம் பிறந்த கதை

கால்பந்து ஆங்கிலேயப் படைவீரர்களால் இந்நாட்டிற்குக் கொண்டுவரப்பட்டது. 1888இல் டூரண்டு கோப்பையும், 1891இல் பம்பாயில் ரோவர்ஸ் கோப்பையும், 1893இல் கல்கத்தாவில் ஐ.எஃப்.ஏ. ஷீல்டும் தோன்றின. முதலில் வெள்ளைப் பட்டாளத்தாரே இவற்றை வென்று வந்தனர். 1911ஆம் ஆண்டு ஜூலை 29ஆம் நாள் மோகன் பகான் என்னும் வங்காளியர் கழகம், கிழக்கு யார்க்ஷயர் பட்டாளத்தை 2–1 என்ற கணக்கில் வென்று ஷீல்டைக் கைப்பற்றியது. அக்கழகத்தார் பதினொருவரில் ஒருவரைத் தவிர ஏனையோர் அனைவரும் வெறுங்காலுடன் ஆடியவர்கள். நாடு முழுவதும் அவ்வெற்றியைத் தன் வெற்றியாகக் கொண்டாடியது.

ஆனால் மனிதர் கூடும் இடத்தில் வேற்றுமையும் உடன் கூடிவிடுகின்றது. வங்காளியருக்குள்ளேயே கங்கைக்கு மேற்கே பிறந்தவர் என்றும், பத்மா நதிக்கு அப்பால் கிழக்கே பிறந்தவர் என்றும் ஒரு பிரிவு நெடுங்காலமாக இருந்து வந்தது. கிழக்கிலிருந்து வந்தவரை 'பாங்கால்' என்று மேற்கத்தியர் சிறிது ஏளனமாகவே அழைப்பர். பேச்சின் ஒலியைக் கேட்டவுடனே இன்னார் எவ்வூரார் என்று கண்டுகொள்வர். இது நமக்குப் புரியாத செய்தியன்று. நாம் மலையாளத்தில் வாய் திறந்தவுடன் எதிரில் உள்ளவர் புன்னகை செய்வதை எல்லோரும் கண்டிருக்கிறோம்.

1920ஆம் ஆண்டு ஜூலை மாத இறுதியில், ஜோராபகான் என்னும் கழகம் மோகன் பகானை எதிர்த்து ஆடவேண்டியிருந்தது. அந்த ஆட்டத்தில் சைலேஷ் போஸ் என்னும் ஆட்டக்காரர் காரணம் கூறப்படாமல் விலக்கப்பட்டார். அவர் கிழக்கு வங்காளத்தவர் என்பதே காரணம் என்று அவரைச் சேர்ந்தோர் கருதினர். ஜோராபகானின் துணைத் தலைவராக இருந்த சுரேஷ் சந்திர சௌதுரி, அவரைச் சேர்த்துக்கொள்ளுமாறு வேண்டியும் பயனில்லாது போகவே, பதவியைத் துறந்து வெளியேறினார். நண்பர்கள் சிலரோடு கூடி, அதே ஆண்டு ஆகஸ்டு முதல் நாள் ஒரு புதிய கழகத்தைத் தொடங்கினார். அதற்கு ஈஸ்ட் பெங்கால் என்றே பெயர் வைத்தனர். ஆகவே, வெளியூரார் என்று ஒருவரை ஒதுக்கியதிலிருந்து பிறந்த கழகம் அது என்பதை அன்பர்கள் மனத்தில் கொள்ளவேண்டும். பின்னால் நிகழ்ந்தவற்றின் பொருள் அப்பொழுதுதான் விளங்கும்.

செந்நிறமும் பொன்னிறமும் கலந்த சட்டை அணிந்து ஆடிய இக்கழகம், 1942இல் முதன்முதலாகக் கல்கத்தா லீக்கையும், 1943இல் முதன்முதலாக ஷீல்டையும் வென்றது. 1945இல் இரண்டையும் ஒருங்கே வென்றது.

நாடு பிளவுண்ட நாட்கள்

1946ஆம் ஆண்டு ஆகஸ்டு 16ஆம் நாள் கல்கத்தாவில் தொடங்கிய வகுப்புக் கலவரத்தில் ஆயிரக்கணக்கானோர் மாண்டனர். அவ்வாண்டு ஷீல்டுப் போட்டியே நடைபெறவில்லை. மறுஆண்டு நாடு விடுதலை பெற்றது; கூடவே பிளவும் பட்டது. கிழக்கு வங்காளம் பாகிஸ்தானின் பகுதியாயிற்று. ஒரு கழகம் எந்த நிலத்தின் பெயரைத் தாங்கி நின்றதோ அந்த நிலமே அயல்நாடாகிவிட்டது.

ரயில்வேயில் வேலை செய்யும் நமக்கு அந்நாட்களைப் பற்றி நினைக்கும்போது சியால்தா நிலையமே முதலில் நினைவிற்கு வருகின்றது. நாராயண்கஞ்சில் நீராவிப் படகேறி, கோயாலந்தோவில் இறங்கி, அங்கிருந்து ரயிலேறிச் சியால்தாவில் வந்து சேர்வது கிழக்கு வங்காளத்தார் தலைமுறை தலைமுறையாகப் பயணம் செய்த வழி. முன்னர் அவ்வழியே உத்தியோகத்திற்கும் படிப்பிற்கும் வந்தவர்கள், பிரிவினைக்குப் பின்னர்ப் பெட்டி படுக்கையோடும் கிழவர் குழந்தைகளோடும் அகதிகளாக வந்தனர். திரும்பிச் செல்வதற்கு வீடு இல்லாதவர்கள் பிளாட்பாரத்திலேயே அடுப்பு மூட்டிக் குடும்பம் நடத்தினர். 1951ஆம் ஆண்டு மக்கள் கணக்கெடுப்பில், கிழக்கிலிருந்து வந்து மேற்கு வங்காளத்தில் குடியேறியோர் தொகை ஏறக்குறைய 20 லட்சம் எனக் காணப்பட்டது. யாதவ்பூர் முதலான தென்புறப் பகுதிகளில் வெற்று நிலங்களில் மூங்கிலும் தகரமும் கொண்டு அவர்கள் தாமே குடியிருப்புகள் அமைத்தனர். அவற்றிற்கும் 'காலனி' என்றே பெயர்.

வயலும் குளமும் மாமரமும் போயின. ஊர்ப் பெயர் மட்டும் எஞ்சியது. அந்தப் பெயரை அவர்கள் உரத்துக் கூவுவதற்கு ஓர் இடம் வேண்டியிருந்தது. கல்கத்தா மைதானமே அவ்விடமாயிற்று. மாலையில் பாதி வயிற்றோடு நெடுந்தூரம் நடந்து வந்தாகிலும் ஈஸ்ட் பெங்கால் ஆட்டத்தைக் கண்டு செல்லும் கூட்டம் இவ்வாறே பெருகியது. தம் கழகம் வென்ற நாளில் அவர்கள் இலிஷ் மீன் வாங்கிச் சமைப்பர் என்பது அந்நகரத்தில் இன்றும் வழங்கும் பேச்சு.

ஐவரும் வந்த வழி

அக்கழகத்தில் பெரும் பொறுப்பு வகித்தவர் ஜோதிஷ் சந்திர குஹா என்பவர். ஆட்டக்காரரைக் கண்டறிவதில் அவருக்கு இருந்த கண் வேறு எவருக்கும் இல்லை என்பர். கிழக்கு வங்காளத்தின் பெயரைத் தாங்கிய கழகத்திற்கு ஆள் தேடி அவர் தெற்கு நோக்கினார். தென்னாட்டில் கால்பந்து வளர்ந்திருந்த காலம் அது. பெங்களூர் முஸ்லிம்ஸ் என்னும் கழகம் 1937இலும் 1938இலும் ரோவர்ஸ் கோப்பையை வென்று, பட்டாளத்தார் பலரை வியப்பில் ஆழ்த்தியிருந்தது. 1948இல் லண்டன் ஒலிம்பிக்கிற்குச் சென்ற இந்திய அணியிலும் தென்னாட்டார் பலர் இருந்தனர். பிரான்சுக்கு எதிராக இந்தியாவின் ஒரே கோலைப் போட்டவர் சாரங்கபாணி ராமன். அந்த அணியில் பாப்பன் என்று அழைக்கப்பட்ட திருவல்லா வர்கீசும் இருந்தார்.

ஈஸ்ட் பெங்காலின் முன்வரிசையில் ஒன்றுகூடிய ஐவர் வருமாறு: வெங்கடேஷ், அப்பாராவ், தனராஜ், அகமது கான், சாலே. அப்பாராவ் ஆந்திரத்துக் காக்கிநாடாவைச் சேர்ந்தவர். 1940களின் தொடக்கத்திலேயே கல்கத்தா வந்து சேர்ந்தவர். வெங்கடேஷும் அகமது கானும் பெங்களூரார். தனராஜும் தென்னாட்டவரே. பி. பி. ஏ. சாலே கோட்டயத்தார், நம் மாநிலத்தில் அவரைக் 'கோட்டயம் சாலி' என்றே கூறுவர். 1949இல் அகமது கான் வந்து சேர்ந்தபோது ஐவர் வரிசை நிறைவுற்றது.

இவர்கள் வந்த தொலைவைச் சிறிது எண்ணிப் பார்க்கவேண்டும். சென்னையிலிருந்து ஹௌராவுக்கு ரயில்பாதை 1,600 கிலோமீட்டருக்கு மேல். காக்கிநாடாக்காரர் சாமல்கோட்டை ஜங்ஷனிலும், பெங்களூர்க்காரர் சென்னையிலும் ஹௌரா மெயிலைப் பிடிக்கலாம். கோட்டயத்துக்காரருக்கோ அக்காலத்தில் சொந்த ஊரில் ரயிலே இல்லை. எர்ணாகுளத்திலிருந்து கோட்டயத்திற்குப் பாதை திறக்கப்பட்டது 1956இல். அங்கிருந்து கொல்லத்திற்கு நீண்டது 1958இல். அதற்கு முன்னர் வேம்பநாட்டுக் காயலில் படகிலோ, சாலை வழியே பஸ்ஸிலோ எர்ணாகுளம் சென்று, அங்கிருந்துதான் ரயிலேறவேண்டும். திருவனந்தபுரத்தாராகிய நம் முன்னோர் கொல்லம், புனலூர், செங்கோட்டை என்று மீட்டர் கேஜ் வண்டியில் மலை கடந்து சென்னை எழும்பூரை அடைந்த காலமும் அதுவே. ஒரு பந்தை உதைப்பதற்காக ஓர் இளைஞர் இவ்வளவு தொலைவு சென்றார் என்றால், அக்காலத்தில் ஆட்டம் சம்பளத் தொழிலாக ஒப்புக்கொள்ளப்படவில்லை என்பதையும் நினைத்தால், அவருடைய உள்ளத்தின் உறுதி விளங்கும்.

ஆட்டத்தின் அமைப்பு

இன்று தொலைக்காட்சியில் கால்பந்து காணும் பிள்ளைகளுக்கு, முன்வரிசையில் ஐவரா என்று வியப்பு உண்டாகலாம். அந்நாளைய அமைப்பு வேறு. கோல் காப்பவருக்கு முன்னால் பின்காவலர் இருவர். அவருக்கு முன் இடைவரிசையில் மூவர். அனைவருக்கும் முன்னால் தாக்கும் வரிசையில் ஐவர். தலைகீழாக நிறுத்திய கோபுரம் போன்ற இவ்வமைப்பில், கோல் போடும் பொறுப்பு முழுவதும் ஐவர் மேல் சார்ந்திருந்தது.

வலக்கோடியில் வெங்கடேஷ், அவருக்கு உட்புறம் அப்பாராவ், நடுவில் தனராஜ், இடது உட்புறம் அகமது கான், இடக்கோடியில் சாலே. கோடியில் நிற்பவர்கள் எல்லைக் கோட்டை ஒட்டி ஓடிப் பந்தை நடுவே அனுப்புவர். உட்புறம் நிற்பவர்கள் பின்னால் இறங்கிப் பந்தை வாங்கி, இடைவெளி நோக்கி முன்னே தள்ளுவர். நடுவில் நிற்பவர் அதனை முடித்துவைப்பார். ஒருவர் எங்கே ஓடப்போகிறார் என்பதை மற்றவர் முன்னரே அறிந்திருந்தால்தான் இது நடைபெறும். கண்ணால் கண்டு பின்னர் உதைத்தால் காலங்கடந்துவிடும். வெவ்வேறு மொழி பேசும் நாடுகளிலிருந்து வந்த ஐவரும் சொல்லின்றியே ஒருவரையொருவர் அறிந்து ஆடினர் என்பதே அவர்களுடைய தனிச்சிறப்பு.

அக்காலத்து இந்திய ஆட்டக்காரர் பலர் வெறுங்காலுடனேயே ஆடினர். உலர்ந்த புல்வெளியில் வெறுங்காலுக்குப் பந்து நன்றாகக் கட்டுப்படும். மழையில் தரை சேறானால் காலூன்றி நிற்பது அரிது. கல்கத்தாவில் கால்பந்துப் பருவமோ கோடையின் கடைசியில் தொடங்கி மழைக்காலம் முழுவதும் நடப்பது. அந்தச் சேற்றிலும் பந்தைக் காலோடு ஒட்டவைத்துக்கொண்டு எதிரிகளை ஏமாற்றிச் செல்வதில் அகமது கான் இணையற்றவர். அவருடைய வித்தையைக் கண்டவர்கள் அவரைப் 'பாம்பாட்டி' என்று புகழ்ந்தனர்.

1949ஆம் ஆண்டின் மூன்று வெற்றிகள்

நம் பகுதியில் திருவிதாங்கூரும் கொச்சியும் ஜூலை முதல் நாள் ஒரே மாநிலமாக இணைந்த அந்த ஆண்டில், கல்கத்தாவில் இந்த ஐவரும் ஒரே வரிசையாக இணைந்து ஆடினர். லீக் என்பது பல மாதங்கள் நடக்கும் போட்டி. வென்றால் இரண்டு புள்ளி, சமமாக முடிந்தால் ஒரு புள்ளி என்று கணக்கிட்டு, முடிவில் மிகுதியான புள்ளி பெற்றவருக்கே பட்டம். ஒரு நாள் திறமை அங்கே செல்லாது, பொறுமையே வேண்டும். ஈஸ்ட் பெங்கால் அந்த லீக்கை வென்றது.

ஷீல்டுப் போட்டியோ அதற்கு நேர்மாறானது. ஒரு முறை தோற்றால் வெளியேற்றம்தான். அதன் இறுதியாட்டத்தில் ஈஸ்ட் பெங்காலை எதிர்த்து நின்றது வேறு யாருமில்லை, மோகன் பகானே. முந்திய ஆண்டுகள் இரண்டிலும் ஷீல்டை வென்று வைத்திருந்த கழகம் அது. அதிலும் 1947ஆம் ஆண்டு இறுதியாட்டத்தில் ஈஸ்ட் பெங்காலையே தோற்கடித்திருந்தது. 1920இல் ஒரு கிழக்கத்தியர் விலக்கப்பட்ட ஆட்டமும் மோகன் பகானுக்கு எதிராக நடந்த ஆட்டமே என்பதை அன்பர்கள் மறந்திருக்கமாட்டார்கள். இப்பொழுது 29 ஆண்டுகள் கழிந்து, தென்னாட்டு முன்வரிசையோடு வந்த ஈஸ்ட் பெங்கால் 2–0 என்ற கணக்கில் வெற்றி பெற்றது.

பின்னர்க் கழகம் ஹௌராவில் ரயிலேறி, இந்தியாவின் ஒரு கரையிலிருந்து மறுகரைக்கு, ஏறக்குறைய 2,000 கிலோமீட்டர் கடந்து பம்பாய் சென்றது. அங்கே ரோவர்ஸ் கோப்பையையும் வென்று திரும்பியது. லீக், ஷீல்டு, ரோவர்ஸ் ஆகிய மூன்றையும் ஒரே பருவத்தில் வென்ற முதல் இந்தியக் கழகம் என்னும் பெயர் அதற்குக் கிடைத்தது. ரோவர்ஸ் கோப்பை இன்று நடைபெறுவதில்லையாயினும் அப்பெயர் அழியவில்லை.

பாண்டவர் என்னும் பெயர்

வெற்றி கண்ட மக்கள் இவ்வைவருக்கும் 'பஞ்ச பாண்டவர்' என்று பெயரிட்டனர். ஐவர் என்பதனால் எவரோ விளையாட்டாகச் சொல்லியிருக்கலாம். எனினும் அப்பெயரை ஆழ்ந்து நோக்கினால் உள்ளம் உருகுகின்றது. நாடிழந்து, வீடிழந்து, அயலார் வீட்டு நிழலில் ஒதுங்கியிருந்தவர்கள் பாரதத்துப் பாண்டவர்கள். மைதானத்தில் அன்று அந்நிலையில் இருந்தவர்கள் ஆட்டக்காரர்கள் அல்லர், பார்த்துக்கொண்டிருந்தவர்களே. தங்கள் துன்பத்தின் பெயரையே எடுத்துத் தங்கள் வீரர்களுக்குச் சூட்டிவிட்டனர் அம்மக்கள்.

இன்னும் ஒன்று. இப்பாண்டவர் ஐவருள் இருவர், அகமது கானும் சாலேயும், இஸ்லாமியர். மைதானத்தில் கூடிய அகதிகளோ பெரும்பாலும் இந்துக்கள். மதத்தின் பெயரால் நாடு பிளக்கப்பட்டதால் வீட்டை இழந்தவர்கள். கல்கத்தாத் தெருக்களில் குருதி சிந்தி மூன்று ஆண்டுகளே ஆகியிருந்தன. 1950ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இரு வங்கத்திலும் மீண்டும் கலவரம் மூண்டது. அகதிகள் வெள்ளம்போல வந்தனர். ஏப்ரல் 8ஆம் நாள் நேருவும் லியாகத் அலி கானும் உடன்படிக்கை செய்துகொண்டனர். அத்தகைய ஆண்டிலும் இவ்வைவர் வரிசை கலையவில்லை. 1950இலும் ஈஸ்ட் பெங்கால் லீக்கையும் ஷீல்டையும் வென்றது. 1951இல் மூன்றாம் முறையாகத் தொடர்ந்து ஷீல்டை வென்றது. இடக்கோடியில் சாலே பந்தோடு ஓடியபோது எழுந்து நின்று ஆர்ப்பரித்த கூட்டம், அவர் எவ்வூரார் என்றோ எம்மதத்தார் என்றோ எண்ணி எழுந்திருக்க முடியாது. அந்நேரத்தில் அவர் அவர்களுடைய ஆள்.

"வெளியூராரைக் கொண்டு வென்றால் அவ்வெற்றி உள்ளூராருடையது ஆகுமா?" என்று கேட்போர் எக்காலத்தும் உளர். கேள்வி நியாயமற்றதன்று. உள்ளூர்ப் பிள்ளைகளுக்கு இடமில்லாமற் போகலாகாது என்பதும் உண்மையே. ஆனால் ஒரு பெயரின் கீழ் நின்று, அப்பெயருக்காக வியர்வை சிந்தியவன் அப்பெயருக்கு உரியவனாகிவிடுகின்றான் என்பதே அந்நாளைய மைதானம் அளித்த தீர்ப்பு.

கடலுக்கு அப்பாலும் இதே வினா

இது நம் நாட்டிற்கு மட்டும் உரிய சோதனை அன்று. இரண்டே ஆண்டுகள் கழித்து, 1951இல், அமெரிக்காவில் சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழக மாணவர் அணிக்கும் இதே சோதனை வந்தது. அவர்கள் ஆடியது நம் கால்பந்து அன்று. முட்டை வடிவான பந்தைக் கையிலேந்தி ஓடும் அமெரிக்கக் கால்பந்து. ஜோ குஹாரிச் என்பவர் பயிற்சி அளித்த அவ்வணி அப்பருவத்தில் ஆடிய ஒன்பது ஆட்டங்களையும் வென்றது. ஆண்டிறுதியில் நடக்கும் பெரும் பந்தயத்திற்கு அழைப்பு வருவதே முறை. ஆனால் அணியில் ஆலி மாட்சன், பர்ல் டோலர் என்னும் கறுப்பு இனத்தார் இருவர் இருந்தனர். அவ்விருவரையும் விட்டுவிட்டு வருவதானால் இடம் உண்டு என்று தெரிவிக்கப்பட்டபோது, அணியினர் அனைவரும் ஒரே குரலாக மறுத்துவிட்டனர். பணமில்லாமையால் அப்பல்கலைக்கழகம் அப்பருவத்தோடு அவ்விளையாட்டையே கைவிட்டது. கோப்பை ஒன்றுமின்றி அவ்வணி கலைந்தது. ஆயினும் அதன் பெயர் அந்நாட்டில் இன்றும் மதிப்போடு பேசப்படுகின்றது.

அந்த ஆலி மாட்சனும் நம் அகமது கானும் 1952இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் பங்கு பெற்றனர் என்பது வியப்பிற்குரிய ஒற்றுமை. மாட்சன் 400 மீட்டர் ஓட்டத்தில் வெண்கலமும், தொடர் ஓட்டத்தில் வெள்ளியும் பெற்றார். அகமது கான் ஆடிய இந்திய அணியோ யுகோஸ்லாவியாவிடம் 1–10 என்று படுதோல்வி அடைந்தது; அந்த ஒரு கோலைப் போட்டவர் அகமது கானே. வெறுங்கால் ஆட்டம் இனிச் செல்லாது என்பதை அத்தோல்வி உணர்த்தியது. பூட்ஸ் அணிவது அதன்பின் கட்டாயமாயிற்று. ஆனால் அதற்கு முந்திய ஆண்டில், 1951 மார்ச்சில், புதுடில்லியில் நடந்த முதல் ஆசிய விளையாட்டில் இந்தியா இறுதியாட்டத்தில் ஈரானை 1–0 என்று வென்று தங்கம் பெற்றிருந்தது. அவ்வணியில் வெங்கடேஷ், அகமது கான், சாலே ஆகிய மூவரும் இருந்தனர். கோட்டயத்திலிருந்து படகேறியவர், பாரத நாட்டின் சட்டையை அணிந்து தங்கம் பெற்றார்.

நாம் கொள்ளவேண்டியது

ஐவரும் 1953 வரை ஒன்றாக ஆடினர். அவ்வாண்டு கழகம் ருமேனியாவிற்கும் சோவியத் நாட்டிற்கும் சென்று வந்தது. அதன்பின் வரிசை கலைந்தது. ஐவருள் அகமது கான் 2017ஆம் ஆண்டில் பெங்களூரில் காலமானார். அவர்கள் ஆடிய கழகம் 2020இல் நூற்றாண்டு கண்டு இன்றும் விளையாடி வருகின்றது.

இவ்வரலாற்றில் நம் மாநிலம் இழந்ததும் ஒன்று உண்டு. சாலேயைப் போன்றவர் புகழ் பெறுவதற்கு அன்று கல்கத்தாவிற்கே செல்லவேண்டியிருந்தது. திருவிதாங்கூர்–கொச்சியில் விளையாட்டிற்கென்று ஓர் அமைப்பு கோதவர்ம ராஜாவின் முயற்சியால் 1954இல்தான் ஏற்பட்டது. அவ்விதை முளைத்து மரமாக மேலும் பல ஆண்டுகள் ஆயின. 1973 டிசம்பரில் எர்ணாகுளத்தில் நடந்த சந்தோஷ் கோப்பை இறுதியாட்டத்தில், கேப்டன் மணி மூன்று கோல்களையும் தாமே போட, கேரளம் 3–2 என்று வென்று முதன்முதலாகக் கோப்பையைப் பெற்றது. தோற்றது எந்த அணி எனில், நம் ரயில்வே அணிதான்! ரயில்வே ஊழியராகிய நம் போன்றோர் அதை நினைத்து வருந்துவதா, கேரளத்தில் வாழ்வோராக மகிழ்வதா என்று கேட்டால், இரண்டையும் ஒருங்கே செய்வதே நம்மைப்போல் குடியேறி வாழ்வோருக்கு இயல்பாகிவிட்டது.

1956 நவம்பர் முதல் நாள் கன்னியாகுமரி மாவட்டம் தமிழ்நாட்டோடு இணைந்தபோது, எல்லைக்கோடு ஒன்று நம் உறவினர்களுக்கும் நமக்கும் நடுவே ஓடியது. அவர்கள் ஒரு மாநிலத்தார், நாம் ஒரு மாநிலத்தார் ஆனோம். அதனால் நமக்குச் சொந்த ஊர் இல்லாமற் போகவில்லை. இரண்டு ஊர்கள் கிடைத்தன. தாய்மொழியைப் பிள்ளைகளுக்குக் கற்பித்து, பொங்கலைப் பொலிவோடு நடத்தி, அதே நேரத்தில் ஓணத்திற்கும் முற்றத்தில் பூக்கோலம் இடுவது நம் வீடுகளில் முரண்பாடாகத் தோன்றுவதில்லை.

எனினும் ஒன்றை மறத்தலாகாது. ஒதுக்கப்பட்டவர் கட்டிய கழகம், தான் வலிமை பெற்ற பின்னர் மற்றவரை ஒதுக்கியிருக்கலாம். ஈஸ்ட் பெங்கால் அவ்வாறு செய்யவில்லை, கதவைத் திறந்துவைத்தது. அதனாலேயே 1949 வந்தது. நம் காலனிக்கும் இன்று வேறு மாநிலத்துத் தொழிலாளர் வருகின்றனர், வங்கத்திலிருந்தும் வருகின்றனர். மாலை வேளையில் நம் பிள்ளைகள் பந்தாடும் வெளியில், அவர்களுடைய பிள்ளை ஒருவன் ஓரமாக நின்று பார்த்துக்கொண்டிருந்தால், "நீ எந்த ஊர்?" என்று கேட்பதற்கு முன்னால், "இடக்கோடியில் ஆடுவாயா?" என்று நம் பிள்ளைகள் கேட்கவேண்டும். ஊரைப் பின்னால் கேட்டுக்கொள்ளலாம். கோட்டயத்து இளைஞர் ஒருவரை இடக்கோடியில் நிறுத்தித் தம்மவராக்கிக்கொண்ட அந்த மக்களுக்கு நாம் திருப்பிச் செலுத்தவேண்டிய கடன் இதுவே.

வாழ்க நம் சங்கம்! வளர்க நம் பிள்ளைகள்!